வளையம் இல்லாத உட்கருக்கள்

கன்னத்தின் உட்புறத்தை மெல்லச் சுரண்டி, அந்த உயிரணுக்களின் உட்கருவைச் சுற்றி ஒரு பழுப்பு வளையம் தெரிகிறதா என்று பார்க்கும் சோதனையை இப்போது யாரும் செய்வதில்லையாம். நஸ்ரின் சொன்னாள். பரங்கிப்பேட்டைப் பெண், சிதம்பரத்தில் எங்கள் ஆய்வகத்தில் என்னோடு வேலை பார்த்தவள், இப்போது சென்னையில் பெரிய ஆய்வகம் ஒன்றில் இருக்கிறாள்.

"ஒரு டியூப் ரத்தம் போதும்க்கா. மிஷின்ல போட்டா எங்க கோளாறுன்னு கம்ப்யூட்டரே சொல்லிடுது. எங்க பசங்க யாரும் அந்த வளையத்தக் கண்ணால பாத்ததே இல்ல. காடாம்புலியூர் குடும்பத்தப் பத்திச் சொன்னேன், கதையாட்டம் கேக்குறாங்க. நீங்க எழுதிக் குடுங்களேன்" என்றாள்.

அவள் எழுதச் சொன்னது சோதனையைப் பற்றித்தான். எனக்கு அதை மட்டும் தனியாகப் பிரித்து நினைக்க வரவில்லை. அந்தக் குடும்பமும் கூடவே வந்து நிற்கிறது.

நான் கடலூர் முதுநகர்க்காரி. டிப்ளமோ முடித்ததும் கடலூரிலேயே இரண்டு மூன்று இடங்களில் மலம், சிறுநீர், சளி என்று பார்த்துக் கைபழகி, பிறகு திசு வேலைக்கு மாறினேன். அறுவை செய்து எடுத்த சதைத்துண்டை மெழுகில் பொதிந்து, வெங்காயத்தோலை விடவும் மெலிதாகச் சீவி, கண்ணாடியில் ஒட்டிச் சாயம் ஏற்றும் வேலை. 2004-ல் டாக்டர் மங்கையர்க்கரசி சிதம்பரத்தில் சொந்தமாகத் திசு ஆய்வகம் தொடங்கியபோது அவரிடம் சேர்ந்து, 2012-ல் ஓய்வு பெறும்வரை அங்கேயே இருந்தேன். தினமும் கடலூரிலிருந்து பஸ். ரசாயன ஆலைகள் இருக்கும் சிப்காட் வரும்போது எல்லோரும் சொல்லிவைத்தாற்போல ஜன்னலை இறக்குவார்கள். அந்த வாடையிலேயே தூங்கிப் போகவும் பழகியிருந்தேன்.

மேடத்துக்குக் குரல் உயரவே உயராது. நுண்ணோக்கியில் குனிந்தே இருந்து கழுத்து முன்பக்கமாக வளைந்துவிட்டிருந்தது. எந்தக் கண்ணாடியை வைத்தாலும் முதலில் உட்கருவின் ஓரத்தைத்தான் பார்ப்பார். நாங்கள் ஏற்றும் நீலச்சாயம் உட்கருவில்தான் போய்ப் பிடிக்கும். ஒவ்வொரு உயிரணுவிலும் ஒரு நீலப்பொட்டு மாதிரி தெரியும். அந்தப் பொட்டைச் சுற்றி ஒரு சவ்வு உண்டு. அது ஒன்று அல்ல, இரண்டு அடுக்கு. நடுநடுவே நுண்ணிய துவாரங்கள். உள்ளே போக வேண்டியது, வெளியே வர வேண்டியது எல்லாம் அந்தத் துவாரங்கள் வழியாகத்தான். உள் அடுக்கை ஒட்டினாற்போலப் புரதத்தால் பின்னிய ஒரு வலை. உட்கரு உருக்குலையாமல் நிற்பது அந்த வலையால். இதையெல்லாம் நாங்கள் வைத்திருந்த நுண்ணோக்கியில் பார்க்க முடியாது. ஓரம் வழவழப்பாக இருக்கிறதா, மடங்கிச் சுருங்கி இருக்கிறதா என்பதுதான் தெரியும். மேடத்துக்கு அதுவே பெரிய விஷயம்.

"என்ன தெரியுதுன்னு சொல்லுங்க ரெஜினா. வியாதிப் பேரு வேணாம்" என்பார். நான் நீலம், ரோஸ், ஓரத்தில் மடிப்பு என்று பார்த்ததைச் சொல்ல வேண்டும். அவர் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு கேட்பார்.

ஒருமுறை கழுத்துக் கட்டி ஒன்று வந்தது. உட்கருக்கள் உள்ளே வெறுமையாக, ஓரத்தில் காப்பிக்கொட்டைக் கோடு போல மடிப்போடு இருந்தன. புற்றுநோய்க்கான அடையாளம் அது. ஆனால் துண்டைப் போட்டு அனுப்பிய ஃபார்மலின் குறைவு. சரியாகப் பதப்படாத திசுவும் ஏறக்குறைய அப்படித் தெரியும். மேடம் கையெழுத்துப் போடவில்லை. இன்னொரு துண்டு கேட்டார். அறுவை செய்தவர் போனில் கத்தினார். இவர் "சரிங்க, அனுப்பி வைங்க" என்பதையே திருப்பித் திருப்பிச் சொன்னார். வந்த துண்டிலும் அதே மடிப்பு.

"அப்ப மொதல்லயே சரியாத்தான மேடம் இருந்துச்சு?" என்றாள் நஸ்ரின்.

"சரியா இருந்துச்சுன்னு இப்பதான தெரியும்" என்றார் மேடம்.

பண்ருட்டிப் பக்கம் காடாம்புலியூர் சக்திவேல் எங்களிடம் வந்தது 2008-ல். அதற்கு முன்னால் அவன் தொடைச்சதை வந்தது. சிப்காட்டில் ஒரு தொழிற்சாலையில் மோட்டார் ரூமில் வேலை. வயது முப்பதுக்குள். குதிகால் நரம்பு இழுத்துக்கொண்டு நுனிக்காலால் நடக்கிறான், அறுத்துத் தளர்த்தலாமா என்று கடலூரில் ஒரு எலும்பு மருத்துவர் யோசித்து, அதற்கு முன் சதையைப் பார்க்க அனுப்பியிருந்தார். நான் சீவிக் கொடுத்தேன். தசையிழைகள் சிறிதும் பெரிதுமாக இருந்தன, வேறு எதுவும் திட்டமாகத் தெரியவில்லை. மேடம் அதோடு விடவில்லை. ஆளைப் பார்க்க வேண்டும் என்றார். திசு பார்க்கும் மருத்துவர் ஆளைப் பார்க்கக் கூப்பிடுவது வழக்கமில்லை.

அம்மா அஞ்சலையோடும் தங்கை செல்வியோடும் வந்தான். வாசல்படியில் நுனிக்காலால் ஏறினான். இரண்டு முழங்கையும் மடங்கியபடியே இருந்தன, நீட்ட வரவில்லை. தரையில் விழுந்த சீட்டை எடுக்கத் தலையைக் குனியாமல் உடம்போடு சாய்ந்தான்.

"கையி எப்பலேர்ந்து இப்டி?"

"சின்னதுலேர்ந்தே இப்டித்தான் டாக்டரம்மா. வாதம்னாங்க. கெமிக்கல் காத்துன்னாங்க. வேலைக்குப் போறதுக்கு முன்னாடியே இருந்துச்சுன்னு நான் சொன்னா யாரு கேக்குறா."

மேடம் அவன் நாடியைப் பிடித்தார். பிடித்தபடியே வெகுநேரம் இருந்தார். பிறகு கையை விடாமலேயே கேட்டார்: "வூட்ல யாராச்சும் திடீர்னு தவறிப்போயிருக்காங்களா?"

சக்திவேல் அம்மாவைப் பார்த்தான். அந்த அம்மாள்தான் பேசினார். "பெரியவன் முருகவேலு. பண்ருட்டி பஸ் ஸ்டாண்டுல நின்னுகிட்டே இருந்தவன் அப்டியே சரிஞ்சிட்டான். அவனுக்கும் கையி இப்டித்தான் இருக்கும். எங்கூடப் பொறந்த தம்பி ஒருத்தன், அவனும் காலைல எழுந்திருக்கல. செய்வினைன்னு சொல்லி குலசாமிக்கு எல்லாம் செஞ்சு பாத்துட்டோம்மா."

மேடம் மூவரின் கன்னத்திலும் உட்புறம் சுரண்டி எடுக்கச் சொன்னார். மரக்குச்சியால் எடுத்தேன். செல்வி வாயைத் திறந்தபடியே என் கையைக் கவனித்துக்கொண்டிருந்தாள். பண்ருட்டியில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். தை மாதம் கல்யாணம் என்று அம்மா சொன்னார்.

அவர்கள் போன பிறகுதான் மேடம் எங்களுக்கு விளக்கினார். உட்கருச் சவ்வின் உள் அடுக்கில் எமரின் என்று ஒரு புரதம் இருக்கிறது. சவ்வையும் உள்ளே இருக்கும் வலையையும் சேர்த்துப் பிடித்திருப்பவற்றில் அதுவும் ஒன்று. எல்லா உயிரணுவிலும் உண்டு. அது இல்லாவிட்டாலும் தோலும் வாயும் எப்படியோ சமாளித்துக்கொள்ளும். ஓயாமல் இழுபடுகிற தசையும் இதயமும்தான் தாங்காது. கைகால் முடங்குவது வெளியே தெரியும். இதயத்துக்குள் மின்துடிப்பு போகும் வழி அடைபட்டுக்கொண்டே வருவது வெளியே தெரியாது. ஒருநாள் நின்றுவிடும்.

அந்தப் புரதத்தோடு மட்டும் போய் ஒட்டும் மருந்து எங்களிடம் இல்லை. பெங்களூரில் மேடத்தோடு படித்தவர் ஒருவர், ஒரு குட்டிக் குப்பியில் கொஞ்சம் அனுப்பினார். தெர்மாகோல் பெட்டியில் பனிக்கட்டியோடு பஸ்ஸில் வந்தது. மின்வெட்டு ஆரம்பித்திருந்த காலம். கரண்ட் போகும்போதெல்லாம் நஸ்ரின் ஐஸ் வாங்க ஓடுவாள்.

செய்முறை இதுதான். ஒட்டுப்பசை தடவிய கண்ணாடியில் சுரண்டலைப் பரப்பி, குளிர்ந்த அசிட்டோனில் நிலைப்படுத்த வேண்டும். உப்புக்கரைசலில் அலச வேண்டும். மருந்தில் ஒரு சொட்டு விட்டு, காயாமல் இருக்க, ஈரப்பஞ்சு வைத்த டிபன் டப்பாவில் மூடி, இரவு முழுக்கக் குளிர்பெட்டியில் வைக்க வேண்டும். மறுநாள் அலசி, முதல் மருந்தைத் தேடிப் பிடிக்கும் இரண்டாம் மருந்து. பிறகு பழுப்பு நிறம் கொடுக்கும் சாயம். கடைசியில் உட்கரு தெரியும் அளவுக்கு லேசாக நீலம். நல்ல உயிரணு எப்படி இருக்கும் என்று ஒப்பிட என் கன்னத்திலிருந்தும் எடுத்துக்கொண்டோம்.

முதல் தடவை யாருக்குமே வளையம் வரவில்லை. எனக்கும் வரவில்லை. எனக்கே வராதபோது சக்திவேலுக்கு வராததை வைத்து என்ன சொல்ல முடியும்? குப்பியில் மருந்து கொஞ்சம்தான் மீதி. மேடம் ஒவ்வொரு கரைசலாக எடுத்துச் சோதித்து, அலசும் கரைசலில் புளிப்பு ஏறியிருப்பதைக் கண்டுபிடித்தார். புதிதாகக் கலக்கி, மறுபடி செய்தோம்.

அந்தக் காலை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. என் கண்ணாடியை முதலில் வைத்தேன். வெளிறிய நீலப்பொட்டு ஒவ்வொன்றையும் சுற்றி, பேனாவால் வரைந்த மாதிரி பழுப்புக் கோடு. அடுத்து சக்திவேல்.

"என்ன தெரியுது?"

"நீலம் மட்டும் இருக்கு மேடம். கோடு இல்ல."

"ஒண்ணுலகூடவா?"

கண்ணாடியை ஓரம் முதல் ஓரம் வரை நகர்த்திப் பார்த்தேன். ஒன்றில்கூட இல்லை.

அம்மாவின் கண்ணாடியில் சில உட்கருவுக்கு வளையம் இருந்தது, பக்கத்திலேயே இருந்த சிலவற்றுக்கு இல்லை. செல்வியுடையதும் அதே மாதிரி. நான் சொல்லி முடித்தபோது மேடம் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்திருந்தார். பெண்களுக்கு அந்த மரபணு இரண்டு பிரதி. ஒவ்வொரு உயிரணுவிலும் ஏதோ ஒன்றுதான் விழித்திருக்கும். நல்லது விழித்த இடத்தில் வளையம். ஆண்களுக்கு இருப்பதே ஒன்று. அதுவும் அம்மாவிடமிருந்து வருவது.

சக்திவேலையும் செல்வியையும் மட்டும் வரச் சொல்லி மேடம் பேசினார். இதயத்துக்கு உடனே துடிப்பைச் சீராக்கும் பேஸ்மேக்கர் கருவி வைக்க வேண்டும் என்றார். செல்வி கேட்டாள்: "எனக்கு ஆம்பளப் புள்ள பொறந்தா பாதிக்குப் பாதி வாய்ப்பா டாக்டர்?"

"ஆமாம்மா. ஒவ்வொரு தடவையும் பாதி."

"முன்ன பொறந்தது நல்லா இருந்தாலும் அடுத்ததுக்கு அதே பாதிதான."

"அதேதான்."

அவள் தலையை ஆட்டிக்கொண்டாள். சக்திவேல் பேஸ்மேக்கருக்கு ஒத்துக்கொள்ளவில்லை. "அத வெச்சா, மோட்டாரோட காந்தம் கருவியக் கெடுத்துடும்னு மோட்டார் ரூம்ல நிக்கவுட மாட்டாங்க டாக்டரம்மா. வேல போயிடும். எனக்கு என்னான்னு தெரிஞ்சா மாப்ள வூட்ல கல்யாணத்தையும் நிறுத்திடுவாங்க. தை முடியட்டும். அப்பறம் நீங்க எங்க வரச் சொன்னாலும் வரேன்."

"தை வரைக்கும் தாங்குமான்னு என்னால சொல்ல முடியாதுப்பா."

"இத்தினி வருசம் தாங்குச்சில்ல" என்று சிரித்தான்.

அடுத்த வாரம் அஞ்சலை அம்மாள் தனியாக வந்தார். கண்ணாடிகளைக் கழுவும் இடத்துக்கே நேராக வந்து என்னைப் பிடித்துக்கொண்டார். "சிஸ்டர், புள்ளைங்க ரெண்டும் எங்கிட்ட எதையோ மறைக்குதுங்க. என் வாயிலயும் சுரண்டுனீங்களே. அதுல என்னா இருந்துச்சு?"

அதற்குள் பின்னால் மேடம் வந்து நின்றார். கையைத் துடைத்துக்கொண்டு, அந்த அம்மாளை பெஞ்சில் உட்காரவைத்துத் தானும் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"உங்க தோப்புல பலா இருக்காம்மா?"

"இருக்குது."

"பலாக்கொட்டைய உரிச்சிருப்பீங்க. மேல வெள்ளையா ஒரு தோலு, அதுக்குள்ள பழுப்பா இன்னொரு தோலு. நம்ம உடம்புல கண்ணுக்குத் தெரியாத ஒவ்வொரு அணுவுக்குள்ளயும் அந்த மாதிரி ரெண்டு தோல் போத்துன கொட்ட ஒண்ணு இருக்கு. உங்க பையனுக்கு அந்த உள்தோலப் புடிச்சிருக்க வேண்டிய சத்து ஒண்ணு இல்ல. அதனாலதான் கையும் காலும். நெஞ்சும் அதனாலதான். பெரியவனுக்கும் அதுதான் இருந்திருக்கணும். செய்வினை இல்ல."

"அது எப்பிடி இல்லாமப் போச்சு?"

"பொறக்கும்போதே. உங்ககிட்டேர்ந்து வந்துருக்கு. உங்களுக்கு உங்க அம்மாகிட்டேர்ந்து வந்துருக்கும். யாரும் தெரிஞ்சு குடுக்கறதில்லம்மா."

அந்த அம்மாள் அழவில்லை. "அப்ப முருகவேலுவ நாந்தான்..." என்று ஆரம்பித்து முடிக்காமல் எழுந்து போய்விட்டார். மேடம் பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தார். குழாய் திறந்தபடியே கிடந்தது. போய் மூடினேன்.

கார்த்திகையில் செல்வி வந்தாள். அண்ணனையும் அழைத்து வந்திருந்தாள். மாப்பிள்ளையிடம் தானே எல்லாவற்றையும் சொல்லிவிட்டதாகவும், அவர்கள் நிச்சயத்தை முறித்துக்கொண்டதாகவும் பாடம் சொல்வது போலச் சொன்னாள். பிறகு சக்திவேலைப் பார்த்து, "இப்ப கல்யாணம் இல்ல. நீ காத்துகினு இருக்கறதுக்கு ஒண்ணும் இல்ல. வா, ஆஸ்பத்திரிக்குப் போலாம்" என்றாள்.

மறைத்துக் கட்டிக்கொள்ளக் கூடாது என்று சொன்னாளா, அண்ணனுக்கு வேறு வழி இருக்கக் கூடாது என்று சொன்னாளா, நான் கேட்டதில்லை. சக்திவேல் தங்கையின் முகத்தைப் பார்க்காமல் பின்னாலேயே போனான். புதுச்சேரியில் பேஸ்மேக்கர் வைத்தார்கள். இன்னும் கொஞ்ச நாள் விட்டிருந்தால் அவ்வளவுதான் என்று அங்கே சொன்னார்களாம். மோட்டார் ரூம் வேலை போய்விட்டது. காடாம்புலியூரிலேயே ஒரு முந்திரிக்கொட்டை உடைக்கும் இடத்தில் எடை போட உட்கார்ந்தான்.

மேடம் அதோடு விடவில்லை. அந்தச் சவ்வுக்கோளாறைச் சுமக்கும் பெண்களுக்கும் வயதானால் இதயத்தில் தடை வரலாம், வருடத்துக்கு ஒருமுறை ஈசிஜி எடுக்க வேண்டும் என்று சொல்லி அனுப்பிப் பார்த்தார். யாரும் வரவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை பண்ருட்டி வழியாக நாங்கள் இருவருமே போனோம். அஞ்சலை அம்மாள் வீட்டுக்குள் கூப்பிடவில்லை. வாசலில் நின்றபடியே பேசினார்.

"ஒருத்தன் செத்தான். ஒருத்தனுக்கு வேல போச்சு. பொண்ணு கல்யாணம் நின்னுது. இன்னும் என் வாயிலேர்ந்து என்னாத்த எடுக்கணும் உங்களுக்கு?"

"உங்களுக்காகத்தாம்மா வந்தோம். நெஞ்சுல ஒரு படம், வலிக்கவே வலிக்காது."

"எனக்கு எதுக்கு? புள்ளைக்கு வெச்சாச்சில்ல. போதும்."

செல்வி அம்மாவின் பின்னால் நின்றுகொண்டிருந்தாள். அவளும் வரவில்லை. அம்மா வராமல் தான் மட்டும் வந்தால், அம்மாவைக் குத்திக்காட்டின மாதிரி ஆகும் என்று பிற்பாடு என்னிடம் சொன்னாள். திரும்பும் பஸ்ஸில் மேடம், "இன்னொரு தடவ வரலாம்" என்றார். போனோம். அப்போதும் அதே பதில்தான்.

2011 கடைசியில் தானே என்று பேர் வைத்த புயல் வந்தது. கடலூரில் என் வீட்டு ஓடுகள் பறந்துவிட்டன. வாரக்கணக்கில் கரண்ட் இல்லை. ஆய்வகத்தில் குளிர்பெட்டியில் இருந்ததெல்லாம் வீணாயிற்று. பண்ருட்டிப் பக்கம் முந்திரியும் பலாவும் வேரோடு சாய்ந்து கிடப்பதாகச் சொன்னார்கள். அந்தக் குடும்பத்தை நினைத்தேன். போய்ப் பார்க்கத் தோதுப்படவில்லை.

நான் ஓய்வு பெறச் சில மாதங்கள் இருந்தன. ஒரு காலையில் சக்திவேலும் செல்வியும் வந்து நின்றார்கள். சக்திவேல் தலை மழித்திருந்தான். அதைப் பார்த்ததுமே நஸ்ரின் கையிலிருந்ததைக் கீழே வைத்துவிட்டாள்.

"அம்மா தவறிட்டாங்க" என்றான். "சாஞ்ச மரத்த வெட்டி ஏத்துறதுக்கு ஆளுங்க வந்துருந்தாங்க. அம்மா ஓரமா ஒக்காந்து பாத்துகினு இருந்துச்சு. ரம்பம் நின்னதும் கூப்ட்டேன். ஒக்காந்த மேனிக்கே இருந்துச்சு."

மேடம் வெள்ளைக் கோட்டைக் கழற்றி மாட்டினார். "வா செல்வி" என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டு தெருவில் இறங்கினார். அதே தெருவில் நாலு கடை தள்ளி ஒரு இதய மருத்துவர் இருந்தார். நானும் பின்னால் போனேன். சக்திவேல் உள்ளே வர மாட்டேன் என்று வெளியே நின்றுவிட்டான்.

செல்வி படுத்து, கூரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். மின்விசிறிக் காற்றில் ஈசிஜி காகிதம் ஆடி ஆடி வெளியே வந்தது. மருத்துவர் அதைக் கையில் பிடித்து மேடத்திடம் காட்டினார். இதயத்தின் மேல் அறையிலிருந்து கீழ் அறைக்குத் துடிப்பு போய்ச் சேரத் தாமதமாகிறது. இப்போதைக்குக் கருவி வேண்டியதில்லை, ஆறு மாதத்துக்கு ஒருமுறை கட்டாயம் பார்க்க வேண்டும், என்றைக்காவது வைக்க வேண்டிவரும் என்றார்.

"என்னிக்காச்சும்னா?" என்று கேட்டாள் செல்வி.

"அத இப்ப சொல்ல முடியாதும்மா. வந்துகிட்டே இரு. விட்டுறாத" என்றார் மேடம். எப்போதும் போலத்தான் சொன்னார். ஆனால் அவள் புடவைத் தலைப்பை இரண்டு தடவை சரிசெய்துவிட்டார்.

வெளியே வந்தோம். சக்திவேல் ஒரு ஆட்டோ பக்கத்தில் நின்றிருந்தான். எங்கள் மூவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தான். செல்வி நேராக அவன் முன்னால் போய் நின்றாள்.

"எனக்கும் ஆரம்பிச்சிருக்குதுண்ணே."

அவன் ஆட்டோவின் கம்பியைப் பிடித்துக்கொண்டான்.

"ஒனக்கு எங்க வெச்சாங்க? காட்டு."

"தெருவுலயா?"

"காட்டுண்ணே."

அவன் மடங்கிய கையால் சட்டையின் மேல் இரண்டு பொத்தான்களை அவிழ்த்தான். இடது தோள்பட்டை எலும்புக்குக் கீழே தோல் மேடாகப் புடைத்திருந்தது. தழும்பு வெளுத்துப் போயிருந்தது. செல்வி விரலை அதன்மேல் வைத்துச் சுற்றிலும் தொட்டுப் பார்த்தாள். பின்னால் ஒரு டவுன் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது. இருவரும் நகரவில்லை.

"வலிக்குதா?"

"மொதல்ல வலிச்சுது" என்றான் சக்திவேல். "அப்பறம் பழகிடும்."